காலத்தை வளைக்கும் கோயில்
(திருக்குட நன்னீராட்டுப் பெருவிழாவில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



நன்னீராட்டு நன்னாளில் கோயிற் கலை பற்றிச் சில சொற்கள் கூறுமாறு திருப்பணிக் குழுவினர் அடியேனைப் பணித்தனர். கோயிற் கட்டடங்களை நாகரம், திராவிடம், வேசரம் என மூவகையாகச் சிற்ப நூலோர் வகுத்துரைப்பர். இவற்றை நீங்கள் பலரும் பலகாற் கேட்டிருப்பீர்கள். ஆதலின் இன்று நான்காவதாக ஒரு வகையை உங்கள் முன் வைக்க விழைகின்றேன். அது எந்தச் சிற்ப நூலிலும் தனிப் பெயரோடு சொல்லப்படாதது, கற்பனையிற் பிறந்தது. தன்னுள்ளே புகுந்தவர்க்குக் காலம் நேராக ஓடாமல் வளைந்து நிற்கும்படி செய்யும் கட்டடமே அவ்வகை. அப்படியும் ஒன்று உண்டோ என்று நீங்கள் வினவலாம். உண்டு என்று நம் புராணங்கள் கூறுகின்றன. கல்லிலும் அதனை ஒருவாறு இயற்றிக் காட்டினர் நம் முன்னோர் என்பதே அடியேன் துணிபு.

முதலிற் புராணத்தைப் பார்ப்போம். மகாபாரதத்திற் சபா பருவத்தில் மயன் தருமபுத்திரருக்கு ஓர் அவை சமைத்துக் கொடுக்கின்றான். பதினான்கு திங்களில் அவன் அதனை முடித்தான். அதனுட் புகுந்த துரியோதனன் தரையை நீர் என்றும் நீரைத் தரை என்றும் மயங்கி இடர்ப்பட்டான். அது கண்ணை மயக்கிய கட்டடம். இடத்தைத் திரித்துக் காட்டியது. அதே பருவத்தில் நாரத முனிவர் வேறோர் அவையையும் வருணிக்கின்றார். அது நான்முகனது அவை. தூண்கள் தாங்காமலே அது நிற்கின்றது. நொடிக்கு நொடி வேறு வடிவம் கொள்கின்றது. ஆதலின் இத்தகையது என்று அதனைச் சொல்ல இயலவில்லை என்கிறார். அங்கே சென்றவர்க்குப் பசியில்லை, நீர்வேட்கையில்லை, இளைப்பில்லை. அவ்வவைக்கு அழிவும் இல்லை.

அத்தகைய அவையிற் சிறிது பொழுது நின்றவர் நிலை யாதாகும்? அதற்குப் பாகவத புராணம் விடை கூறுகின்றது. குசஸ்தலி என்னும் நகரை ஆண்ட ககுத்மி என்ற மன்னன், தன் மகள் இரேவதிக்கு ஏற்ற மணமகன் யார் என்று கேட்க அவளையும் அழைத்துக்கொண்டு நான்முகன் உலகுக்குச் சென்றான். அங்கே இசை நிகழ்ந்துகொண்டிருந்தது. இடையிற் பேசுதல் முறையன்று எனக் காத்திருந்தான். இசை முடிந்ததும் தன் விருப்பத்தைச் சொன்னான். நான்முகன் நகைத்து, நீ மனத்திற் குறித்து வந்தவர் எவரும் இப்பொழுது இல்லை. அவர்தம் மக்களும் பேரர்களும் இல்லை. நீ இங்கு நின்ற இச்சிறு பொழுதுக்குள் மண்ணுலகில் இருபத்தேழு சதுர்யுகங்கள் கழிந்துவிட்டன என்றான். மன்னன் மீண்டு வந்து பலராமனுக்குத் தன் மகளை மணம் செய்வித்தான். ஒரு பாட்டு முடியும் அளவில் யுகங்கள் கழிந்துவிட்டன! காலம் வளையும் கட்டடம் என்று அடியேன் குறித்தது இதனையே.

இக்காலத்து அறிவியலாரும் காலம் எங்கும் ஒரே நடையில் ஓடுவதில்லை என்று நிறுவியுள்ளனர். ஐன்ஸ்டைன் 1915ஆம் ஆண்டு வெளியிட்ட பொதுச் சார்பியற் கொள்கையின்படி, நிலத்தை ஒட்டிய கடிகாரத்தினும் உயரத்தில் உள்ள கடிகாரம் சற்றே விரைந்து ஓடும். அமெரிக்க நாட்டின் ஆர்வர்டு பல்கலைக் கழகத்துக் கோபுரம் ஒன்றில், ஏறத்தாழ 22 மீட்டர் உயர வேறுபாட்டிலேயே இவ்விளைவை 1960இல் அளந்து காட்டினர். இக்கணக்கைத் தஞ்சைப் பெரிய கோயிலுக்குப் பொருத்திப் பாருங்கள். அதன் விமானம் 60 மீட்டருக்கு மேல் உயர்ந்தது. அடித்தளத்தில் ஒரு கடிகாரமும் கலசத்தின் அருகே ஒரு கடிகாரமும் வைத்திருப்பின், ஆயிரம் ஆண்டு கழிந்தபின் மேலது கீழதனை முந்தியிருக்கும் அளவு ஒரு விநாடியில் ஏறத்தாழ ஐயாயிரத்தில் ஒரு பங்கு. எண்ணத்தாலன்றி உணர்வால் அறிய முடியாத அளவு அது. நம் முன்னோர் இக்கணக்கை அறிந்திருந்தனர் என்று அடியேன் கூற வரவில்லை. அங்ஙனம் கூறுவது அவர்க்குப் பெருமையும் ஆகாது. அவர்கள் காலத்தை வளைத்த வழி வேறு. அதனை மூன்று கூறாகச் சொல்லலாம்.

முதலாவது, காலத்தை இடமாக மாற்றுதல். ஒரு கோயில் எழுவதற்கு முன் நிலத்திற் செய்யும் முதற்பணி திசை காணுதல். அதற்குச் சங்கு நாட்டுதல் என்று பெயர். சமன் செய்த தரையில் ஒரு முளையை நேராக நட்டு, அதனை நடுவாகக் கொண்டு ஒரு வட்டம் வரைவர். முற்பகலில் முளையின் நிழல் குறுகிக்கொண்டே வந்து அதன் நுனி வட்டத்தைத் தொடும் இடத்தை ஒரு புள்ளியாற் குறிப்பர். பிற்பகலில் நிழல் நீண்டு வட்டத்தைக் கடக்கும் இடத்தை மற்றொரு புள்ளியாற் குறிப்பர். இரண்டையும் இணைத்த கோடு கிழக்கு மேற்காக அமையும். மயமதம் முதலிய நூல்கள் இம்முறையை விரித்துக் கூறும். இதனைச் சற்றே எண்ணிப் பாருங்கள். முன்னது காலைப் பொழுது. பின்னது மாலைப் பொழுது. நாளில் வேறுவேறாகக் கழிந்த இரு பொழுதுகள் நிலத்தில் ஒரே கோட்டின் இரு முனைகளாகின்றன. அக்கோட்டின் மேலேதான் கருவறை எழுகின்றது. ஆகவே கோயிலின் முதற் கல்லுக்கும் முன்னே அங்கு நாட்டப்பெறுவது காலமே.

இதனோடு அமையவில்லை. ஆயாதி என்று ஒரு கணக்கு உண்டு. கட்டடத்தின் நீளம், அகலம், சுற்றளவு முதலிய அளவுகளை வகுத்துரைத்த எண்களாற் பெருக்கி, 27ஆல் வகுத்து எஞ்சியது கொண்டு நாள்மீனும், 7ஆல் வகுத்து எஞ்சியது கொண்டு கிழமையும், 30ஆல் வகுத்து எஞ்சியது கொண்டு திதியும் காண்பர். பெருக்கும் எண்கள் நூலுக்கு நூல் வேறுபடினும் கருத்து ஒன்றே. குழந்தைக்குப் பிறந்த நாள்மீன் உண்டு. கட்டடத்துக்கு அளந்த நாள்மீன் உண்டு. முழக்கோலால் அளந்தது பஞ்சாங்கமாக மாறுகின்றது. நம் ஊர்ப் பெரிய ஸ்தபதிகள் ஒரு விரலளவு கூடினும் குறையினும் ஒப்புக்கொள்ளாது நின்றமைக்கு இதுவும் ஒரு காரணம்.

கட்டி முடித்த பின்னரும் கதிரவன் இக்கணக்கிலிருந்து விலகுவதில்லை. அவன் நாள்தோறும் ஒரே இடத்தில் எழுவதில்லை. மார்ச்சுத் திங்களிலும் செப்டம்பர்த் திங்களிலும் ஒவ்வொரு நாள் நேர்கிழக்கில் எழுவான். ஜூனில் வடகோடியையும் டிசம்பரில் தென்கோடியையும் அடைவான். இடைப்பட்ட எந்தப் புள்ளியையும் ஆண்டுக்கு இருமுறை கடப்பான். ஆதலின் ஒன்றன்பின் ஒன்றாக வாயில்கள் நேரமைந்த கருவறையில், ஆண்டில் குறித்த சில நாள்களில் மட்டும் இளங்கதிர் உள்ளே சென்று திருமேனியைத் தொடுகின்றது. மற்றைய நாள்களில் நிலைக்காலோ தூணோ அதனை மறைத்துவிடும். தமிழ்நாட்டிற் பல தலங்களில் இந்நாள்களைக் கதிரவன் வழிபடும் நாள்கள் என்று கொண்டாடுகின்றோம். சிருங்கேரியில் 14ஆம் நூற்றாண்டில் எழுந்த வித்யாசங்கரர் கோயிலிற் பன்னிரண்டு இராசிகள் செதுக்கிய பன்னிரண்டு தூண்கள் உண்டு. அந்தந்தத் திங்களில் அந்தந்தத் தூணில் ஞாயிற்றின் ஒளி படும் என்பர். ஒடிசாவிற் கொனாரக்கத்தில் முதலாம் நரசிம்மதேவன் 13ஆம் நூற்றாண்டில் எழுப்பிய ஞாயிற்றுக் கோயில் முழுவதுமே ஒரு தேர். அதற்கு இருபத்துநான்கு உருளைகள், ஏழு குதிரைகள். ஓடாத தேர் அது. காலம் ஓடிவந்து அதனைக் கடந்து செல்கின்றது. தேர் நின்ற இடத்திலேயே நிற்கின்றது.

இரண்டாவது, காலத்தை நிறுத்தி வைத்தல். இங்கே பொருள் வழங்கிய அன்பர்கள் சிறிது செவிசாய்க்க வேண்டுகின்றேன்; இப்பகுதி உங்களைப் பற்றியது.

மகேந்திரவர்ம பல்லவன் 7ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மண்டகப்பட்டில் ஒரு குன்றைக் குடைந்து மும்மூர்த்திகளுக்குக் கோயில் எடுத்தான். செங்கல் இன்றி, மரம் இன்றி, உலோகம் இன்றி, சுதை இன்றி இதனைச் செய்வித்தேன் என்று அங்கே பொறித்தும் வைத்தான். அவன் விலக்கிய நான்கும் காலத்தால் அழிவன என்பதை நோக்குக. அவனுக்குப் பின் ஏறத்தாழ நான்கு நூற்றாண்டு கழித்துத் தஞ்சையில் முதலாம் இராசராசன் தன் இருபத்தைந்தாம் ஆட்சியாண்டில், 275ஆம் நாளில், விமானத்தின் உச்சியில் வைக்கப் பொற்றகடு வேய்ந்த செப்புக் குடம் கொடுத்தான். அது 1010ஆம் ஆண்டு. ஆயினும் அம்மன்னனது பெருமை குடத்தினும் அவன் இட்ட ஒரு கட்டளையில் மிகுதியும் விளங்குகின்றது. தான் கொடுத்தவற்றையும், தன் தமக்கை கொடுத்தவற்றையும், தன் தேவியர் கொடுத்தவற்றையும், பிறர் கொடுத்தவற்றையும் விமானத்துக் கல்லிலே வெட்டுக என்பது அக்கட்டளை. பேரரசன் பெயர் வெட்டிய அதே கல்லில் ஏனையோர் பெயர்க்கும் இடம் தந்தான். ஆயிரம் ஆண்டு கழிந்தும் அவர்கள் கொடுத்துக்கொண்டே நிற்கின்றனர்.

அக்காலத்து நந்தா விளக்கறங்களை நோக்குங்கள். அணையாத விளக்கு ஒன்று எரிய வேண்டுமாயின் 96 ஆடுகளை அளிப்பர். அவற்றைப் பெற்றுக்கொண்ட இடையர் நாள்தோறும் உழக்கு நெய் கோயிலுக்கு அளக்க வேண்டும். அந்த ஆடுகளைச் சாவா மூவாப் பேராடுகள் என்று கல்வெட்டுகள் கூறும். ஆடு சாவாதோ? மூப்பு அடையாதோ? அடையும். ஆனால் ஒன்று இறக்க ஒன்று பிறக்கும். கிடையின் எண்ணிக்கை 96 ஆகவே நிற்கும். ஆகவே அக்கிடைக்குச் சாவுமில்லை, மூப்புமில்லை. இதனைச் சந்திரனும் சூரியனும் உள்ளவரை செல்வதாக என்று முடித்தனர். உயிருள்ள ஆட்டையும், உருகும் நெய்யையும், காற்றில் அசையும் சுடரையும் கொண்டு அழியாத ஒன்றை அமைத்த அறிவை என்னென்பது! நான்முகன் அவையில் மூப்பில்லை என்று புராணம் சொன்னதை, ஓர் ஆட்டுக் கிடையைக் கொண்டே மண்ணுலகிற் செய்து காட்டினர் அவர்.

மூன்றாவது, காலத்தைத் திருப்புதல். அதுவே நாம் இன்று கண்ணாற் கண்ட இவ்விழா. திருப்பணி தொடங்குமுன் இறைவனது ஆற்றலைக் குடத்திலோ மரப்படிமத்திலோ அமர்த்திச் சிறிய இடத்தில் எழுந்தருளச் செய்தோம். அதற்குப் பாலாலயம் என்று பெயர். பாலன் என்றால் இளையோன் அன்றோ? பழமை முதிர்ந்த திருக்கோயில் சில திங்கள் குழவியாகி நின்றது. பின்னர்க் கொம்பரக்கு, சுக்கான்கல், குங்கிலியம், கற்காவி, செம்பஞ்சு, சாதிலிங்கம், தேன்மெழுகு, எருமை வெண்ணெய் ஆகிய எட்டையும் இடித்துச் சேர்த்த மருந்தால் திருமேனியைப் பீடத்தோடு பொருத்தினோம். பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை இதனைச் செய்க என்பது வழக்கு. வியாழன் வானத்தை ஒருமுறை சுற்றிவர ஆகும் காலமும் ஏறத்தாழ அதுவே. நேராக ஓடும் காலம் இங்கே வட்டமாக வளைகின்றது. ஜப்பான் நாட்டில் இசே என்னுமிடத்தில் உள்ள மரக்கோயிலை இருபது ஆண்டுக்கு ஒருமுறை அடுத்த மனையில் அப்படியே புதிதாகக் கட்டி, பழையதைப் பிரித்துவிடுகின்றனர். 7ஆம் நூற்றாண்டின் இறுதியில் தொடங்கிய அவ்வழக்கம் இடையிற் போர்க்காலத்தில் தடைப்பட்டும் மீண்டு, 2013இல் அறுபத்திரண்டாம் முறை நிறைவேறியது. புதுப்பித்தலே பழமையைக் காக்கும் வழி என்பது அவர்க்கும் உடன்பாடு.

ஆயினும், அன்பர்களே, இவ்விடத்தில் ஓர் இடர் உண்டு. அதனைச் சொல்லாமல் விடுவேனாயின் இன்று பேசியதிற் பயனில்லை. மரக்கோயிலைப் புதுப்பிக்கும் முறை வேறு. எழுத்துடைய கற்கோயிலைப் புதுப்பிக்கும் முறை வேறு. ஒன்றைச் செய்வதாக எண்ணி மற்றொன்றைச் செய்துவிட்டால், காலத்தைத் திருப்பவேண்டிய திருப்பணி காலத்தை அறுத்துவிடும்.

அடியேனது அனுபவம் ஒன்றைச் சொல்லுகின்றேன். இளமையில் அடியேன் வழிபட்ட கோயில் ஒன்று உண்டு. ஊரும் பெயரும் வேண்டா. அதன் தென்புறச் சுவரில் எழுத்துகள் இருந்தன. பாட்டனார் என்னைத் தோளில் ஏற்றி, அவ்வெழுத்துகளின் பள்ளத்தில் என் விரலை வைத்து ஓட்டிக் காட்டுவார். விளக்குக்கு யாரோ ஓர் அம்மை ஆடு கொடுத்தாளாம் என்பார், பெயரையும் சொல்லுவார். சிறுவனாகிய எனக்கு அது மனத்திற் பதியவில்லை. பல்லாண்டு கழித்து நன்னீராட்டுக்கு அழைப்பு வர, ஆவலோடு சென்றேன். சுவர் வெண்ணிறமாக மின்னிக்கொண்டிருந்தது. மணலைக் காற்றின் விசையால் வீசிக் கல்லைத் துப்புரவு செய்திருந்தனர். எழுத்தின் பள்ளம் சில இடங்களில் நிழல்போல் தெரிந்தது. விளக்கு என்பது தெரிந்தது. ஆடு என்பது தெரிந்தது. பெயர் இருந்த கல்லைக் குடைந்து மின்கம்பிக்கு வழி செய்திருந்தனர். அதனைச் செய்தவர் எவரும் தீயவரல்லர். பக்தியினாற் செய்தனர்; தம் பொருளைக் கொடுத்துச் செய்தனர். அவ்வம்மை சந்திர சூரியர் உள்ளவரை என்று கொடுத்தாள். அவளது பெயர் ஒரு பிற்பகலில் மறைந்தது. பாட்டனாரும் இல்லை, கேட்டறிய வேறு எவரும் இல்லை.

நம் முன்னோர் இவ்விடரை அறியாதவரல்லர். 10ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிற் கண்டராதித்த சோழரின் தேவியாரும் உத்தம சோழனின் தாயாருமாகிய செம்பியன் மாதேவியார், பழைய கோயில்கள் பலவற்றைக் கற்றளிகளாகப் புதுப்பித்தார். திருக்கோடிக்காவிற் புதிய கற்றளி எடுத்தபொழுது, அங்கிருந்த பழைய கற்களின் எழுத்துகளையெல்லாம் படியெடுத்துப் புதிய சுவரில் வெட்டுவித்தார். அவை பழங்கற்களின் படி என்ற குறிப்பையும் உடன் பொறிக்கச் செய்தார். தம் மரபினர் அல்லாத பல்லவர் காலத்து அறங்களையும் அவர் விடவில்லை. தம் பெயரை நிறுத்துதற்காகப் பிறர் பெயரை அழித்திலர். புதுப்பிப்போர்க்கு இதனினும் சிறந்த இலக்கணம் இல்லை.

ஆகவே இப்பெரு மன்றத்தில் அடியேன் வைக்கும் விண்ணப்பம் எளியது. கல்லின் மேல் மணல் வீசுவதை ஒழியுங்கள். எழுத்தின் ஆழம் மிகச் சிறிது, மேற்பரப்பு தேய்ந்தால் அதுவும் உடன் போகும். எண்ணெய்ப் பிசுக்கை நீராலும் மென்மையான தூரிகையாலும் பொறுமையோடு நீக்கலாம். சுண்ணாம்புச் சாந்தாற் கட்டிய இடத்திற் சிமெண்டைப் பூசாதீர்கள். ஈரம் வெளியேற வழியின்றி உள்ளே தங்கிச் சுவரைக் கெடுக்கும். எழுத்துள்ள கல் எதுவாயினும், படிக்கல்லாகவோ சாக்கடை மூடியாகவோ கிடப்பினும், அதனைத் தொடுமுன் கல்வெட்டறிஞரைக் கொண்டு படியெடுத்து வையுங்கள். 1890 முதல் தென்னிந்தியக் கல்வெட்டுத் தொகுதிகள் அச்சேறி வருகின்றன. கல் சிதைந்த இடங்களில் இத்தகைய படிகளே நமக்குச் சான்றாக எஞ்சுகின்றன. பளபளப்பான புதுக்கல் பதிக்க ஒருவர் பொருள் தருவாராயின், ஐயா, அப்பொருளைக் கொண்டு பழைய கல்லைக் காப்போம், அதுவும் உங்கள் அறமே என்று பணிவோடு எடுத்துச் சொல்லுங்கள். இத்திருக்கோயிலின் திருப்பணிக் குழுவினர் தேய்ந்த பழைய வாயிற்படியை மாற்றாமல் விட்டுவைத்திருக்கக் கண்டு உள்ளம் குளிர்ந்தேன். அப்படியில் விழுந்த பள்ளம் எத்துணைத் தலைமுறையின் அடிகள் இட்டது! அதில் நாம் அடிவைக்கும் அக்கணத்தில் அவர்கள் அனைவரும் நம்மோடு உள்ளே வருகின்றனர்.

முடிவாக ஒன்று. கற்பனையான கட்டடம் என்று தொடங்கினேன். கற்பனையான கட்டடம் ஒன்றோடே முடிக்கின்றேன். சேக்கிழார் பெருமான் அருளிய பெரியபுராணத்தைப் பயின்ற உங்களுக்குப் பூசலார் நாயனாரை நான் அறிவிக்க வேண்டுவதில்லை. திருநின்றவூரில் வாழ்ந்த அப்பெருமான் இறைவனுக்குக் கோயில் எடுக்க விழைந்து பொருள் தேடினார், கிடைத்திலது. கையில் ஒன்றுமில்லாத அவர் மனத்திலே கல்லும் பிறவும் சேர்த்தார், தச்சரை அழைத்தார், நல்ல நாளில் கால்கொண்டார், அடித்தளம் முதல் சிகரம் வரை முறையாக எழுப்பிச் சுதை பூசி, கிணறும் மதிலும் குளமும் அமைத்து, நன்னீராட்டுக்கு நாளும் குறித்தார். அதே நாளைக் காஞ்சியிற் பல்லவ மன்னன் தான் எடுத்த பெருங் கற்றளிக்குக் குறித்திருந்தான். முன்னாள் இரவில் இறைவன் அவன் கனவில் தோன்றி, நாளை நாம் நின்றவூர்ப் பூசலின் கோயிலிற் புகுவோம். நீ பிறிதொரு நாள் கொள்க என்ற கருத்தை உணர்த்தினான். மன்னன் வியந்து நின்றவூர் சென்று கோயில் எங்கே என்று வினவ, இங்கே அப்படி ஒரு கோயில் இல்லையே என்றனர் ஊரார்.

பாருங்கள். கல் இல்லாத கோயில், எவர் கண்ணுக்கும் புலப்படாத கோயில், ஒரு பேரரசன் பஞ்சாங்கம் பார்த்துக் குறித்த நாளையே மாற்றிவிட்டது. காலத்தை வளைத்த கட்டடம் என்று உறுதியாகச் சொல்லத்தக்கது அதுவே. வளைத்தது கல்லுமன்று, கணக்குமன்று. ஒன்றையும் விட்டுவிடாமல் நாள்தோறும் சிறிது சிறிதாகச் சேர்த்த அன்பு. காஞ்சிக் கற்றளியை இகழ்வதற்காகச் சேக்கிழார் இதனைச் சொல்லவில்லை. கல்லால் எழும் கோயிலுக்கும் அவ்வன்பே கடைகால் என்று காட்டவே சொன்னார்.

இங்கே கொடுத்தவர் பெயர்கள் இம்மலரில் அச்சேறியுள்ளன. இன்னும் பன்னிரண்டு ஆண்டு கழித்து அடுத்த நன்னீராட்டு வரும். அதனை நடத்தப்போகும் இளைஞர்கள் இக்கூட்டத்தில் எங்கோ அமர்ந்திருக்கின்றனர். நீங்கள் யாருடைய எழுத்தைக் காத்தீர்களோ, உங்கள் எழுத்தையும் அவர்கள் அவ்வாறே காப்பார்கள். பெயரிழந்த அவ்வம்மையின் விளக்கையும் இன்று நினைந்து, அடியேன் இவ்வுரையை நிறைவு செய்கின்றேன்.

திருவருள் எங்கும் பெருகுக! திருப்பணி செய்தோர் குலம் வாழ்க!